பத்தியம் முறிந்த ஞாயிறு

"எனக்கு வேண்டாம், மச்சாள்," என்று சொல்லிக் கீர்த்தனி கஞ்சிக் கோப்பையை மேசையின் நடுவுக்குத் தள்ளிவிட்டாள்.

புஸ்பராணிக்கு அது நன்றாகவே கேட்டது. கேட்காத மாதிரிக் கோப்பையைத் திரும்பவும் அவள் முன்னால் நகர்த்தி, "ஆறமுந்திக் குடி பிள்ளை," என்றாள்.

அரிசிக் கஞ்சி. உப்பு அரைக் கரண்டி. வேறொன்றும் இல்லை. மூக்கில் செருகியிருந்த குழாயைக் கழற்றி மூன்று கிழமை ஆகியும் காலை, மதியம், மாலை என்று அதே கஞ்சிதான். கீர்த்தனி எழுந்து போய்க் குசினி யன்னலால் அதை வாழைக்கு ஊற்றினாள். புஸ்பராணி வாயில் கைவைத்தபடி நின்றாள். அந்த வீட்டுக்கு அவள் வந்த நாளிலிருந்து அப்படியொன்று நடந்ததில்லை.

கீர்த்தனிக்கு நாற்பத்திரண்டு வயது. திருகோணமலை பஸ் நிலையத்தில் நேரக் கணிப்பாளர். எந்த பஸ் எத்தனை மணிக்கு வெளிக்கிடும் என்று குறித்து, ஒலிபெருக்கியில் கூப்பிட்டுச் சொல்வது அவள் வேலை. பதினாறு வருடமாகக் கின்னியா, மூதூர், குச்சவெளி, புல்மோட்டை என்று அவள் சொல்லச் சொல்லச் சனம் மூட்டை முடிச்சோடு எழும்பி ஓடியது. போன வருடக் கடைசியில் தொண்டையில் ஒரு கட்டி வந்தது. வெட்டினார்கள். பிறகு மட்டக்களப்பு ஆஸ்பத்திரியில் முப்பத்தைந்து தடவை கதிர் பாய்ச்சினார்கள். கட்டி போய்விட்டது. கழுத்துத் தோல் கருகியது, வாயில் எச்சில் வற்றியது, ஐம்பத்தெட்டுக் கிலோ இருந்தவள் நாற்பத்தொன்றுக்கு இறங்கினாள். பழைய குரலும் போயிற்று. இப்போது கதைத்தால் துருப்பிடித்த கேற்றை இழுப்பதுபோல ஒரு தடித்த கரகரப்பு வந்தது.

கணவன் கஜீபன் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன். நாற்பதடி உயரத்தில் இருந்துகொண்டு பாரம் தூக்கப் பயப்படாதவன், மனைவிக்கு வந்த வருத்தத்தைக் கண்டதும் பயந்துபோய்க் குச்சவெளியில் இருந்த தமக்கை புஸ்பராணியைக் கூட்டிவந்து பாலையூற்று வீட்டையும் குசினியையும் அவள் கையில் கொடுத்துவிட்டான். மகள் லக்சனா பேராதனையில் கம்பசில் படித்துக்கொண்டிருந்தாள்.

புஸ்பராணி உழைப்பாளி. விடியமுந்தி எழும்பி முற்றம் கூட்டி, உடுப்புத் துவைத்து, கீர்த்தனியின் கழுத்துக்கு மருந்து பூசிவிடுவாள். அதில் ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனால் சாப்பாட்டு விஷயத்தில் அவளுக்கென்று ஒரு சட்டம் இருந்தது. பூசணிக்காய் கிரந்தி, புண்ணை ஆறவிடாது. கத்தரிக்காயும் கிரந்தி. உருளைக்கிழங்கும் முட்டைக்கோவாவும் வாயு. பால் சளி, தயிர் குளிர், முட்டை சூடு. எல்லாவற்றையும் கழித்துப் பார்த்தால் மிஞ்சுவது அரிசியும் உப்பும்தான்.

"டொக்டர் எல்லாம் சாப்பிடச் சொன்னவர், மச்சாள். மெதுவா இருந்தாச் சரியாம், உறைப்பு மட்டும் கூடாதாம்," என்று கீர்த்தனி பலமுறை சொல்லிப் பார்த்தாள்.

"டொக்டர்மார் அப்பிடித்தான் சொல்லுவினம். பிறகு வந்து பாக்கிறது நாங்கள்தானே."

போன கிளினிக்கில் டொக்டர் தராசைப் பார்த்துவிட்டு முகத்தைச் சுருக்கியிருந்தார். வருகிற புதன்கிழமைக்குள் நிறை ஏறாவிட்டால் திரும்பவும் மூக்கில் குழாய். அந்தக் குழாயோடு ஏழு கிழமை படுத்தெழும்பியவளுக்கு அந்தச் சொல்லே போதும்.

கஞ்சியை ஊற்றிய அதே வெள்ளிக்கிழமை பின்னேரம் இன்னொன்றும் நடந்தது. கிளினிக் அட்டையைத் தேடி அலுமாரியைத் திறந்தபோது, கஜீபனின் சேட்டுகளுக்குக் கீழே மடிக்காத ஒரு கடதாசி கிடந்தது. ரைப் அடித்த கடிதம். 'சுகவீனம் காரணமாக எனது பதவியிலிருந்து விலகிக்கொள்ள அனுமதிக்குமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.' கீழே அவளுடைய பெயர். பெயருக்கு மேலே கையெழுத்துக்கென்று புள்ளிக்கோடு.

கஜீபன் வேலையால் வந்து செருப்பைக் கழற்றுமுன் அவள் அதை நீட்டினாள்.

"இது என்ன?"

அவன் கடிதத்தைப் பார்த்தான், பிறகு தமக்கையைப் பார்த்தான். "உமக்காகத்தான் கீர்த்தனி. ஞாயிற்றுக்கிழமை பஸ் நிலையத்தால இரத்தினசிங்கம் சேர் உம்மைப் பாக்க வாறார். கையோட குடுத்துவிட்டாச் சுகம் எண்டு நினைச்சனான்."

"நான் வேலையை விடுறன் எண்டு ஆர் சொன்னது?"

"இந்தக் குரலோட எப்பிடி மைக்கில கதைக்கிறது? சனம் சிரிக்கும். எனக்குத் தாங்கேலாது."

"சிரிச்சா என்னைப் பாத்துத்தானே சிரிப்பினம்? உங்களுக்கு என்ன தாங்கேலாமப் போறது?"

புஸ்பராணி இடையில் வந்து, "உடம்பு தேறட்டும் பிள்ளை, வேலை என்ன ஓடியே போகுது," என்றாள். கீர்த்தனி கடிதத்தை நாலாக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"சேர் ஞாயிறு மத்தியானம் இஞ்சதான் சாப்பிடுவார். நான் சமைப்பன்," என்றாள். அவர்கள் இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். தன்னால் சமைக்க முடியுமா என்று கீர்த்தனிக்கே தெரியாது. நாலு மாதமாக அவள் அடுப்பைத் தொட்டதில்லை. ஆனால் சொல்லியாயிற்று.

அறைக்குள் போய் நஜ்முன் நிஸாவுக்குப் போன் எடுத்தாள். நஜ்முன் நிஸா குறிஞ்சாக்கேணிக்காரி. மட்டக்களப்பு ஆஸ்பத்திரியில் பக்கத்துக் கட்டிலில் அதே வருத்தத்தோடு இருந்து, இரண்டு மாதம் முந்தியே வீட்டுக்குப் போனவள். குவைத்தில் பதினொரு வருடம் வீட்டு வேலை செய்தவள். வாய் சும்மா இராது. இப்போது ஐம்பத்தாறு கிலோ என்று பெருமையடித்துக்கொண்டிருந்தாள்.

"என்னத்தத் திண்டு ஏத்தினீங்கள் ராத்தா?"

"கசரோல் புள்ள, கசரோல். குவைத்தில என்ட மேடத்துட தாய்க்குப் பல்லே இல்ல. அதுக்குத் தினமும் இதத்தான் செஞ்சி குடுப்பன். அப்ப எனக்குப் பார்க்கவே பிடிக்காது. இப்ப அதாலதான் உசிரோட இரிக்கன்."

"எப்பிடிச் செய்யிறது?"

"என்ன மரக்கறியும் போடலாம். சின்னனா வெட்டி, அமத்தினா நசியுற அளவுக்கு அவிச்சி எடுங்க. பொறகு மாஜரின உருக்கி, ரெண்டு கரண்டி கோதும மா போட்டு, பச்ச வாசம் போகக் கிண்டிப் பாலக் கொஞ்சம் கொஞ்சமா ஊத்துங்க. கட்டி படப்படா. தடிச்சி வந்ததும் மரக்கறில ஊத்திக் கலந்து, மேல பாண் தூளும் சீஸும் தூவி வேக வைக்கிறதான். மிளகு கிட்டயும் கொண்டு வராதீங்க. சாதிக்காய் மட்டும் ஒரு உரசல்."

"எங்கட வீட்டில அவன் அடுப்பு இல்லை ராத்தா."

"எனக்கு மட்டும் இரிக்கா? பெரிய சட்டிக்குள்ள ரெண்டு விரல் உயரத்துக்கு மண்ணப் போட்டுச் சூடாக்கி அதுக்குள்ள பாத்திரத்த வைங்க. தட்டால மூடி, தட்டுக்கு மேல சிரட்டைத் தணல். மேலயும் கீழயும் சூடு. அவன் என்ன, அவனுட வாப்பாவே தோத்துப் போவான்."

கீர்த்தனிக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் தொண்டை நோகும். நொந்தது. பரவாயில்லை என்று சிரித்தாள்.

சனிக்கிழமை காலை கஜீபன் வேலைக்குப் போனபிறகு அவள் உடுத்திக்கொண்டு வெளிக்கிட்டாள். கழுத்தைச் சுற்றச் சொல்லிப் புஸ்பராணி சால்வையோடு பின்னால் வந்தாள். "சனம் பாக்கும் பிள்ளை." கீர்த்தனி சால்வையை வாங்கிக் கொடியில் போட்டுவிட்டு நடந்தாள். பஸ்சில் ஏறியதும் பக்கத்தில் இருந்த பெண் கருகிய கழுத்தைக் கண்டு யன்னல் பக்கமாக ஒதுங்கினாள். கீர்த்தனி இன்னும் வசதியாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

ஊருக்குள் எப்போதும் திரிகிற மான்களில் மூன்று, சந்தை வாசலில் கோவா இலைக் குப்பையை மேய்ந்துகொண்டு நின்றன. மரக்கறிக் கடை முஹம்மது தம்பி அவளைக் கண்டதும் கண்ணை விரித்தான். வேலை முடிந்து போகும்போது பத்து வருடமாக அவனிடம்தான் மரக்கறி வாங்குவாள். அவளுக்கு வருத்தம் என்று கேள்விப்பட்டிருந்தான்போல, ஏதோ ஆற்றுக்கு அக்கரையில் நிற்கிறவளோடு பேசுவதுபோல, "அக்கா! சுகமா? என்ன வேணும்?" என்று கையை ஆட்டி ஆட்டிக் கத்தினான்.

"எனக்குக் காது போகேல்லைத் தம்பி. தொண்டைதான். மெல்லக் கதைச்சாலும் கேக்கும்," என்றாள் கீர்த்தனி.

அந்தக் குரலைக் கேட்டு அருகில் நின்ற இரண்டு மூன்று பேர் திரும்பினார்கள். முஹம்மது தம்பி வெட்கப்பட்டுத் தலையைச் சொறிந்தான். அவள் பூசணிக்காயில் ஒரு கீற்று, உருளைக்கிழங்கு, கரட், போஞ்சி, லீக்ஸ், கோவாவில் பாதி என்று ஒவ்வொன்றாகச் சத்தமாகக் கேட்டாள். கடைசியில் கண்ணில் பட்ட கத்தரிக்காயையும் நாலு எடுத்துப் போட்டாள். நஜ்முன் நிஸா கத்தரிக்காயைச் சொல்லவே இல்லை. புஸ்பராணியின் சட்டத்தில் ஒன்றைக்கூட மிச்சம் விட அவளுக்கு மனமில்லை.

பக்கத்துக் கடையில் பால், மாஜரின், சீஸ், பாண், சாதிக்காய் எல்லாம் வாங்கிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தாள். படியில் இரண்டு நிமிடம் இருந்துவிட்டுத்தான் உள்ளே போக முடிந்தது. பையைத் திறந்து பார்த்த புஸ்பராணி ஒரு வார்த்தை பேசவில்லை. அதுதான் கீர்த்தனிக்கு யோசனையாக இருந்தது.

மறுநாள் காலை ஒன்பது மணிக்குக் குசினிக்குள் போனவள் அடுப்பைத் திருகினாள். பற்றவில்லை. குனிந்து பார்த்தாள். காஸ் சிலிண்டரின் தலையில் றெகுலேற்றர் இல்லை. யாரோ கழற்றி எடுத்திருந்தார்கள்.

கூடத்தில் புஸ்பராணி கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். மடியில் சேலைத் தலைப்பால் மூடிய ஏதோ இருந்தது.

"தாங்கோ மச்சாள்."

"தரமாட்டன். சேருக்குக் கடையில சாப்பாடு எடுக்க எங்கட தம்பி போயிட்டான். உனக்குக் கஞ்சி விடியவே வைச்சாச்சு."

"மச்சாள், புதன்கிழமை நிறை ஏறாட்டி எனக்குக் குழாய் போடுவாங்கள்."

"குழாய் போட்டா உயிரோட இருப்பாய்!" புஸ்பராணியின் குரல் திடீரென்று உடைந்தது. "உனக்கு என்ன தெரியும்? எங்கட அவருக்கும் வயித்தில இதுதானே. ஆஸ்பத்திரியால கொண்டுவந்த பிறகு நண்டுக் கறி வேணும் நண்டுக் கறி வேணும் எண்டு குழந்தை மாதிரி அழுதார். ஒரு நாள் பொறுக்கேலாமல் வைச்சுக் குடுத்தனான். ரெண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார். நாலாம் நாள் ஆள் இல்லை. அந்தக் கறியை வைச்சது இந்தக் கைதான். இன்னொருக்கா என்னால ஏலாது."

ஒன்பது வருடமாக அந்த மனுசி இதை ஒருவரிடமும் சொன்னதில்லை. கஜீபனுக்குக்கூட இது தெரியாது. கீர்த்தனி கிட்டப் போய் அவளருகே தரையில் உட்கார்ந்தாள்.

"மச்சாள், அத்தானை நண்டு கொல்லேல்லை. வருத்தம்தான் கொண்டுபோனது. அவர் கடைசியா ஆசையாச் சாப்பிட்ட சாப்பாடு உங்கட கையால. அதுக்கு நீங்கள் அழக் கூடாது."

புஸ்பராணி முகத்தைத் துடைத்தாள். ஆனால் மடியில் இருந்ததை இன்னும் இறுக்கிப் பிடித்தாள். கீர்த்தனி எழுந்தாள்.

"உங்கட பயம் எனக்கு விளங்குது. அதுக்காக நான் பட்டினி கிடக்க ஏலாது. அதை நீங்களே வைச்சிருங்கோ."

பின்வளவில் மூன்று கல்லை வைத்தாள். மதிலோரம் கிடந்த தென்னை மட்டையையும் காய்ந்த பாளையையும் இழுத்து வந்தாள். ஒவ்வொரு தடவை குனியும்போதும் கண் இருட்டியது. நெருப்பு மூட்ட ஊதவேண்டும். ஊதுவதற்கு மூச்சு இல்லை. பழைய பத்திரிகையால் விசிறினாள். புகை முகத்தில் அடித்துத் தொண்டை எரிந்தது. இருமல் வந்து இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றிக்கொண்டு இருமினாள். குசினி யன்னலில் புஸ்பராணியின் முகம் வந்து வந்து போனது. கீர்த்தனி அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. நாலாவது விசிறலில் பாளை பற்றியது.

பலகையை மடியில் வைத்து மரக்கறியை வெட்டினாள். பூசணிக்காயைத் தோல் சீவி விரல் நகத்தளவு துண்டாக, போஞ்சியை மணிமணியாக, லீக்சின் வெள்ளையை மெல்லிய வளையமாக. எல்லாவற்றையும் உப்புத் தண்ணீரில் போட்டு, அகப்பைக் காம்பால் அமத்தினால் நசியும்வரை அவித்து வடித்தாள். மாஜரின் உருகி நுரைத்ததும் மாவைப் போட்டுக் கிண்டினாள். விறகு நெருப்பைக் கூட்டிக் குறைக்க முடியாது. சட்டியைத்தான் தூக்கித் தூக்கி இறக்கவேண்டும். முதல் தரம் ஊற்றிய பால் கட்டிபட்டுவிட்டது. வாய்க்குள் ஒரு தூசணம் சொல்லிக்கொண்டு அதை வாழைக்கு ஊற்றிவிட்டு, கழுவிய சட்டியில் இரண்டாம் தரம் தொடங்கினாள். இந்தமுறை பால் பட்டுப்போலத் தடித்து அகப்பையில் ஒட்டியது. சாதிக்காயை ஒரு உரசல் உரசினாள். எச்சில் வற்றியபிறகு மணமும் பாதி செத்துப் போயிருந்தது அவளுக்கு. ஆனாலும் சாதிக்காயின் மணம் எங்கோ தூரத்தில் ஒரு கதவு திறந்ததுபோல மூக்கில் ஏறியது. அவள் பாலை மரக்கறியில் ஊற்றிக் கலந்து, மேலே பாண் தூளும் சீஸும் தூவினாள்.

மண் பரவிய பெரிய சட்டிக்குள் பாத்திரத்தை இறக்கித் தகரத் தட்டால் மூடினாள். அடுத்து மேலே வைக்கத் தணல் வேண்டும். வளவில் சிரட்டை இல்லை. சுற்றுமுற்றும் தேடிக்கொண்டு நிற்கையில், பின்கதவால் புஸ்பராணி வந்தாள். விளக்குமாற்றுக்குப் பக்கத்தில் அவள் சேர்த்து வைத்திருந்த சாக்கில் இருந்து ஏழெட்டுச் சிரட்டையைக் கொண்டுவந்து நெருப்பருகே போட்டாள்.

"நான் இதைத் தொட்டும் பாக்கமாட்டன்," என்றாள் புஸ்பராணி.

"தொட வேண்டாம் மச்சாள்."

"புகையில நிக்காத. அங்கால போ. தணலை நான் பாக்கிறன்."

பன்னிரண்டரைக்கு இரத்தினசிங்கம் வந்தார். பஸ் நிலையப் பொறுப்பதிகாரி. ஓய்வு பெற இரண்டு வருடம் இருக்கிற கறாரான மனிதர். ஒரு சீப்பு வாழைப்பழமும் ஒரு பால்மாப் பெட்டியும் கொண்டுவந்திருந்தார். கீர்த்தனியைக் கண்டதும் திகைத்து, உடனே அதை மறைக்கக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கஜீபன் கடையில் வாங்கிய புரியாணியையும் கோழிக் கறியையும் மேசையில் பரப்பினான். அதன் நடுவில் கீர்த்தனி தன் பாத்திரத்தைக் கொண்டுவந்து வைத்தாள். மேலே பாண் தூள் பொன் நிறத்தில் பொரிந்து, விளிம்பில் பால் குமிழிட்டுக்கொண்டிருந்தது. ஒரு மூலை மட்டும் தணல் கூடிக் கருகியிருந்தது.

"இது என்ன பிள்ளை?" என்றார் இரத்தினசிங்கம்.

"மரக்கறி, சேர். கசரோல் எண்டு சொல்லுவினம்."

தனக்கு முதலில் போட்டுக்கொண்டாள். மூன்று பேரும் தங்கள் பிளேற்றைப் பார்க்கிறமாதிரி அவளைத்தான் பார்த்தார்கள். முதல் கரண்டி நாக்கில் நின்றது. எச்சில் இல்லாத வாயில் எதை வைத்தாலும் பஞ்சு வைத்த மாதிரித்தான். ஆனால் இது பாலில் ஊறி வழுகியது. விழுங்கினாள். புண்பட்ட இடத்தைத் தொட்டுக்கொண்டு இறங்கியபோது கண்ணில் தண்ணீர் வந்தது. கஜீபன் கதிரையை விட்டு எழும்பினான்.

"இருங்கோ," என்றாள். ஒரு மிடறு தண்ணீர் குடித்தாள். இரண்டாவது கரண்டி எடுத்தாள். அதில் பூசணிக்காய் இருந்தது. இனித்தது. நாலு மாதத்துக்குப் பிறகு ஒன்று இனித்தது. மூன்றாவது, நாலாவது என்று அவள் அவசரப்படாமல் சாப்பிட்டாள். யாருடைய முகத்தையும் அவள் பார்க்கவில்லை. இரத்தினசிங்கம் புரியாணியை ஓரமாகத் தள்ளிவிட்டுப் பாத்திரத்தில் இருந்து ஒரு கரண்டி எடுத்தார். பிறகு கேளாமலே இன்னொன்று. "பல்லுக்கு நல்ல சுகமாயிருக்கு," என்றார்.

கீர்த்தனியின் பிளேற் வெறுமையாக முக்கால் மணித்தியாலம் பிடித்தது. வாயைத் துடைத்துவிட்டு இடுப்பில் இருந்த கடிதத்தை எடுத்து விரித்தாள்.

"சேர், இது உங்களுக்கு எண்டு எழுதி வைச்சது. வாசிக்கிறன், கேளுங்கோ."

"கீர்த்தனி," என்று கஜீபன் மெல்லக் கூப்பிட்டான்.

அவள் வாசித்தாள். திகதியில் இருந்து 'தங்கள் உண்மையுள்ள' வரைக்கும் ஒரு சொல் விடாமல், பஸ் பலகையைப் பார்த்துச் சொல்வதுபோல நிறுத்தி நிறுத்தி வாசித்தாள். அந்தக் கரகரத்த குரல் கூடம் முழுவதும் நிறைந்தது. முடித்துவிட்டுக் கடிதத்தை மேசையில் வைத்தாள்.

"ஒரு சொல்லாவது விளங்காமல் போச்சோ, சேர்?"

இரத்தினசிங்கம் யோசித்தார். "விளங்கினது. எல்லாம் விளங்கினது."

"அப்ப இந்தக் கடிதத்தில நான் கையெழுத்து வைக்கமாட்டன். நான் வேலைக்கு வரப்போறன்."

"பிள்ளை, குறை நினைக்காதையும். சனம் முறைப்பாடு எழுதும். எனக்கு மேலையும் ஆக்கள் இருக்கினம்."

"எழுதட்டும் சேர். பஸ்சைத் தவறவிட்டம் எண்டு எழுதினா நான் பதில் சொல்லுறன். குரல் பிடிக்கேல்லை எண்டு எழுதினா அதுக்கு நானென்ன செய்ய? வடிவான குரல் வேணும் எண்டா வீட்டில றேடியோ கேக்கட்டும்."

அவர் சிரிக்கவில்லை. கண்ணாடியைத் திரும்பவும் கழற்றித் துடைத்தார். "அடுத்த மாசம் ஒண்டாந் திகதி வாரும். முதல் அரை நாள் செய்து பாப்பம். டொக்டரின்ர துண்டு கட்டாயம் வேணும்," என்றார். எழும்பும்போது கடிதத்தைக் கையில் எடுத்தார், யோசித்தார், கஜீபனின் முன்னால் வைத்துவிட்டுப் போனார்.

அவர் போனபிறகு கஜீபன் நெடுநேரம் மேசையை விட்டு எழும்பவில்லை. "உம்மைக் கேட்டிருக்க வேணும்," என்றான் கடைசியில்.

"ஓம். கேட்டிருக்க வேணும்," என்றாள் கீர்த்தனி. அதற்குமேல் அவனை ஆறுதற்படுத்த அவள் போகவில்லை. நன்றாகக் களைத்துப் போயிருந்தாள். படுத்து ஐந்து மணிவரைக்கும் நித்திரை கொண்டாள். எழும்பியபோது பசித்தது. பசி என்பது என்னவென்று மறந்திருந்தவள், வயிற்றில் கைவைத்துக்கொண்டு சிறிது நேரம் கட்டிலிலேயே இருந்தாள். பிறகு போய் மிச்சத்தைச் சாப்பிட்டாள். திங்களும் செவ்வாயும் அதையே செய்தாள். திங்கட்கிழமை காலையில் றெகுலேற்றர் தன் இடத்தில் பூட்டியிருந்தது. யார் பூட்டியது என்று அவள் கேட்கவில்லை.

புதன்கிழமை கிளினிக்கில் தராசு நாற்பத்தொன்றரையைக் காட்டியது. அரைக் கிலோ. டொக்டர் சிங்களவர், தமிழைத் தட்டுத் தடுமாறிக் கதைப்பார். "நல்லம், நல்லம். குழாய் தேவையில்ல. என்ன சாப்பிட்டீங்க?" என்றார். கீர்த்தனி வாய் திறக்கமுந்திக் கூட வந்திருந்த புஸ்பராணி முன்னால் போய் நின்றாள்.

"பூசணிக்காய் சாப்பிட்டவ டொக்டர். கத்தரிக்காயும். குடுக்கலாமோ?"

"குடுங்க, குடுங்க. எல்லாம் குடுங்க."

புஸ்பராணி போகாமல் அங்கேயே நின்றாள். "நண்டு?" என்றாள் மிக மெல்ல.

"நண்டும் குடுங்க அம்மா. உறைப்பில்லாம."

"நண்டு ஒண்டும் செய்யாதோ? சாகிற வருத்தக்காரருக்கும்?"

டொக்டருக்கு அந்தக் கேள்வி சரியாக விளங்கியிருக்காது. ஆனால் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு எழுதிக்கொண்டிருந்த பேனையை வைத்தார். "நண்டு ஒண்டும் செய்யாது அம்மா," என்று ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். வெளியே மர வாங்கில் வந்து உட்கார்ந்த புஸ்பராணி சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டாள். கீர்த்தனி பக்கத்தில் இருந்தாள். மருந்து எடுக்கும் இலக்கம் இரண்டு தரம் கூப்பிட்டும் அவர்கள் எழும்பவில்லை.

ஒன்றாந் திகதி காலை ஏழரைக்குக் கீர்த்தனி பஸ் நிலையத்தில் கண்ணாடி யன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்தாள். மைக்கைத் தட்டிப் பார்த்து, குச்சவெளி பஸ்சைக் கூப்பிட்டாள். வாங்குகளில் இருந்தவர்கள் அண்ணாந்து ஒலிபெருக்கியைப் பார்த்தார்கள். இரண்டு பெடியள் வாயைப் பொத்திச் சிரித்தார்கள். சாறன் கட்டிய ஒரு பெரியவர் மட்டும் குடையை எடுத்துக்கொண்டு நேரே பஸ்சில் போய் ஏறினார்.

ஒன்பதரைபோல ஒரு மனிதர் வந்து முறைப்பாட்டுப் புத்தகத்தைக் கேட்டார். அவள் எடுத்துக் கொடுத்தாள். அவர் நின்ற நிலையில் நாலு வரி எழுதி, புத்தகத்தை மூடி நீட்டிவிட்டுப் போனார். திறந்து பார்த்தாள். 'ஒலிபெருக்கியில் கதைப்பது ஆணா பெண்ணா என்று தெரியவில்லை. நல்ல குரல் உள்ள ஒருவரை நியமிக்கவும்' என்று இருந்தது.

கீர்த்தனி பேனையைத் திறந்தாள். அதற்குக் கீழே, 'பெண். கீர்த்தனி கஜீபன், நேரக் கணிப்பாளர், கடமையில்' என்று அழுத்தி எழுதி, நேரத்தையும் போட்டுக் கையெழுத்து வைத்தாள். மூதூர் பஸ்சின் சாரதி ஹோனை அடித்தான். அவள் மைக்கைத் தன் பக்கம் இழுத்தாள்.